சான்றிதழைக் கேளுங்கள், கடனை ஒப்புக்கொள்ளாதீர்கள்

கேள்வி: என் மகனைத் தனியார் கல்லூரியில் பி.காம். சேர்த்து, முதல் ஆண்டுக் கட்டணம் 48,000 ரூபாயும் முழுதாகக் கட்டினோம். விடுதிச் சாப்பாடு ஒத்துக்கொள்ளவில்லை, வார்டன் எடுத்ததற்கெல்லாம் திட்டுகிறார் என்று பையன் அழுதான். அட்மிஷன் முடிந்து இரண்டரை மாதத்தில் எழுதிக் கொடுத்துவிட்டு அழைத்து வந்துவிட்டோம். ஒரிஜினல் மார்க் ஷீட்டுகள், சாதிச் சான்றிதழ் எல்லாம் கல்லூரியில். மீதி இரண்டு ஆண்டுக்கு 96,000 கட்டினால்தான் தருவார்களாம். நான்கு முறை போயும் முதல்வர் வாசலிலேயே நிற்க வைத்தார். கட்டிய பணமாவது திரும்பக் கிடைக்குமா?

பதில்: வார்டன் திட்டியது, சாப்பாடு, வாசலில் நின்றது எதையும் மனுவில் எழுதாதீர்கள் அம்மா. எழுதினால் கல்லூரி ஒவ்வொன்றையும் மறுக்கும், வழக்கு அந்த மறுப்பிலேயே ஓடும்.

சட்டத்துக்குத் தேவையானது ஒன்றுதான்: சான்றிதழ் வேறு, பணம் வேறு. பாக்கிக்காக அடுத்தவர் பொருளைப் பிடித்து வைக்கும் உரிமையை இந்திய ஒப்பந்தச் சட்டத்தின் 171-ஆவது பிரிவு வங்கியர் போன்ற சிலருக்கே தருகிறது. கல்லூரி அதில் இல்லை. வக்கீல்கள் ஃபீஸ் பாக்கிக்காகக் கட்சிக்காரரின் கேஸ் கட்டைப் பிடித்து வைக்கக்கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2000-இல் எங்களுக்கே சொல்லிவிட்டது. ஒரிஜினலைச் சரிபார்த்த கையோடு திருப்பித் தர வேண்டும் என்பது யுஜிசி எனும் பல்கலைக்கழக மானியக் குழுவின் 2018 அறிவிப்பு.

இவ்வளவு பலமான வழக்கையும் கட்சிக்காரர்கள் தாங்களே கெடுத்துக்கொண்டு வருவதைப் பார்த்திருக்கிறேன். கல்லூரி அலுவலகத்தில் ஒரு வெள்ளைத்தாளை நீட்டி, "ஒரு லெட்டர் எழுதிக் குடுங்க, இன்னிக்கே வாங்கிட்டுப் போயிடலாம்" என்பார்கள். கிளார்க் சொல்லச் சொல்லத் தகப்பனார் எழுதுவார்: "மீதிக் கட்டணத்தை மூன்று தவணையில் செலுத்திவிடுகிறேன்." அந்த ஒரு வரி போதும். அதுவரை கல்லூரி நிரூபிக்க வேண்டியிருந்த தொகை, அன்று முதல் நீங்கள் ஒப்புக்கொண்ட கடன். வழக்குப் போட அவர்களுக்கு இருக்கும் மூன்று ஆண்டுக் கெடுவும் அந்தத் தேதியிலிருந்து புதிதாக ஓடத் தொடங்கும்.

கூடவே "சும்மா செக்யூரிட்டிக்கு" என்று செக் கேட்பார்கள். ஒருவர் தேதி போடாத இரண்டு செக் கொடுத்து மகளின் சான்றிதழை வாங்கினார். எட்டு மாதம் கழித்து செக் பவுன்ஸ் நோட்டீஸோடு என்னிடம் வந்தார். மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 138-ஆவது பிரிவில் இரண்டு ஆண்டு வரை சிறை, செக் தொகையின் இரு மடங்கு வரை அபராதம், இரண்டுமேகூட உண்டு. கடனுக்காகக் கொடுத்ததில்லை என்று காட்ட வேண்டிய பொறுப்பும் செக் கொடுத்தவர் தலையில்தான்.

இன்னொரு குழி, சான்றிதழ் தொலைந்துவிட்டதாகப் போலீஸில் எழுதிக் கொடுத்து டூப்ளிகேட் வாங்குவது. யார் சொன்னாலும் செய்யாதீர்கள். அரசு ஊழியரிடம் பொய்த் தகவல் கொடுப்பது புதிய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 217-ஆவது பிரிவில் குற்றம். சான்றிதழ் எங்கே இருக்கிறது என்று உங்களுக்குத் தெரியும் என்பதற்கு, நீங்கள் கல்லூரிக்கு எழுதிய கடிதமே சாட்சி.

ஸ்பீடு போஸ்ட்டில் ஒரு கடிதம் போடுங்கள். விலகிய தேதியும் ஒப்படைத்த சான்றிதழ்களின் பட்டியலும் இருந்தால் போதும், பணத்தைப் பற்றி ஒரு சொல் வேண்டாம். அசையாவிட்டால் யுஜிசி குறைதீர் அமைப்பு, பிறகு உயர் நீதிமன்றத்தில் சான்றிதழைத் தரச் சொல்லி உத்தரவு கேட்கும் ரிட் மனு. நுகர்வோர் நீதிமன்றம் வேண்டாம். "கல்வி சேவை ஆகாது" என்ற ஆட்சேபத்திலேயே வருடங்கள் போய்விடும்.

கட்டிய 48,000-ஐ விட்டுவிடுங்கள். யுஜிசியின் அந்த 2018 அறிவிப்பில் அட்மிஷன் கடைசித் தேதிக்குப் பின் 15 நாளுக்குள் விலகினால் 80 சதவீதம், 30 நாளுக்குள் 50, அதற்கு மேல் ஒன்றும் இல்லை. டெபாசிட் கட்டியிருந்தால் அதை மட்டும் தனியாகக் கேளுங்கள்.

96,000 பற்றிச் சொல்வதற்கு முன், நடுவில் விலகினால் மீதிக் கட்டணத்தைக் கட்டுகிறேன் என்ற பாண்டில் (உறுதிப் பத்திரத்தில்) சேரும்போது கையெழுத்துப் போட்டீர்களா என்று நான் பார்க்க வேண்டும். ஓர் ஆண்டுக் கட்டணத்துக்கு மேல் முன்கூட்டி வாங்கக்கூடாது என்ற உச்ச நீதிமன்றம், நடுவில் விலகுபவருக்காக பாண்டு கேட்கலாம் என்றும் 2003-இல் சொல்லியிருக்கிறது. பாண்டு இல்லையென்றால் ஒரு ரூபாயும் தராதீர்கள். இருந்தால் அதற்காகவும் சான்றிதழைப் பிடிக்க முடியாது. ஆனால் பணத்துக்கு அவர்கள் தனியாக வழக்குப் போடலாம். பையனின் அடுத்த அட்மிஷன் நெருங்கினால் கௌரவம் பார்க்காமல் ஒரு தொகை பேசி முடியுங்கள். செக் வேண்டாம், டிடி எடுங்கள். சான்றிதழ்களை மேஜைமேல் வைக்கச் சொல்லி, ஒவ்வொன்றாக எண்ணி, ரசீதில் "இனி பாக்கி எதுவும் இல்லை" என்ற வரியைப் படித்த பிறகு டிடியைக் கொடுங்கள்.