நிலத்தை விற்று முதுநிலை இடம் வாங்க வேண்டாம்

பயிற்சி மருத்துவராக ஓராண்டை முடித்த மகளையும் அவளுடைய தாய்மாமனையும் அழைத்துக்கொண்டு சென்ற வாரம் என்னிடம் வந்தீர்கள். சிறிய ஊரில் மருத்துவம் பார்க்க வேண்டும், சில ஆண்டுகள் கழித்துத் தேர்தலிலும் நிற்க வேண்டும் என்று அவள் சொன்னபோது, உங்கள் கண் கலங்கியதைக் கண்டேன். உங்கள் கவலை எனக்குப் புரிகிறது. ஆனாலும் உங்களை வெறுமனே தேற்றி அனுப்ப எனக்கு மனமில்லை, ஏனென்றால் நீங்கள் எடுக்கவிருக்கும் முடிவு தவறானது.

தனியார் கல்லூரியின் நிர்வாக ஒதுக்கீட்டில் ரேடியாலஜி (ஸ்கேன், எக்ஸ்ரே பார்த்து நோயறியும் துறை) முதுநிலை இடம் வாங்க, நிலத்தை விற்பதுடன் 60 லட்சம் ரூபாய் கடனும் வாங்க வேண்டும் என்று மாமா கணக்குப் போட்டு வைத்திருக்கிறார். 11 சதவீத வட்டி என்றால் மாதத்துக்கு வட்டி மட்டுமே 55,000 ரூபாய். கிராமத்தில் ஒரு நோயாளிக்கு 100 ரூபாய் வீதம் நாளொன்றுக்கு 30 பேரை, மாதம் 25 நாள் பார்த்தால் வரவு 75,000 ரூபாய். இதில் வட்டியைக் கட்டிவிட்டு, வாடகைக்கும் செவிலியர் சம்பளத்துக்கும் மின்கட்டணத்துக்கும் எங்கே போவாள்? கடன்பட்ட மருத்துவரால் குறைந்த கட்டணத்தில் கிராமத்தில் உட்கார முடியாது. அவள் விரும்பிய வாழ்க்கையை அந்தக் கடன் முதல் மாதத்திலேயே பறித்துவிடும்.

அரசியலுக்குப் போவதானாலும் பெரிய பட்டம் இருந்தால்தான் மதிப்பு என்றார் மாமா. ஆந்திர முதல்வராக இருந்த ஒய்.எஸ். ராஜசேகர ரெட்டியிடம் இருந்தது எம்.பி.பி.எஸ். பட்டம்தான். ஜம்மலமடுகு மிஷன் மருத்துவமனையில் பணியாற்றிய பின், 1973-ல் புலிவெந்துலாவில் தந்தையின் பெயரில் மருத்துவமனை தொடங்கினார். மக்கள் அவரை ஒரு ரூபாய் மருத்துவர் என்றே அழைத்தார்கள். 1978-ல் அந்த மக்களே அவரைச் சட்டமன்றத்துக்கு அனுப்பினார்கள். ஏழைகளின் பெரிய சிகிச்சைச் செலவை அரசே ஏற்கும் ஆரோக்யஸ்ரீ திட்டத்தை 2007-ல் அவர் கொண்டுவந்ததற்குப் பின்னால், அந்த ஒரு ரூபாய்க் காலத்தில் கண்ட முகங்கள் இருந்திருக்கும் என்றே நான் நம்புகிறேன். ஆனால் ஒன்றை மறைக்கக் கூடாது: அவருக்குப் பின்னால் வசதியும் செல்வாக்கும் உள்ள குடும்பம் இருந்தது. உங்கள் மகளுக்கு அது இல்லை. ஆகவே கடன் இல்லாமல் இருப்பது அவளுக்கு இன்னும் முக்கியம்.

மற்ற முதுநிலைப் படிப்புகளைப் பற்றி உறவினர்கள் போதுமான அளவு சொல்லிவிட்டார்கள். யாரும் சொல்லாதது குடும்ப மருத்துவம். தேசியத் தேர்வு வாரியம் நடத்தும் டி.என்.பி. (எம்.டி.க்கு இணையான முதுநிலைத் தகுதி) குடும்ப மருத்துவம் மூன்றாண்டுப் படிப்பு. அதில் சேரவும் நீட் முதுநிலை நுழைவுத் தேர்வுதான் வழி. இதய நோய், தோல் நோய் என்று ஒரே துறைக்குள் அடங்காமல், பொது மருத்துவம், குழந்தை நலம், மகப்பேறு, அறுவைப் பிரிவு, அவசர சிகிச்சை என்று மாறிமாறிப் பயிற்சி பெறுவார்கள். நள்ளிரவில் வலிப்புடன் வரும் குழந்தை, காலையில் ஆறாத சர்க்கரைப் புண்ணோடு வரும் முதியவர், மாலையில் இரத்த அழுத்தம் ஏறிய கர்ப்பிணி ஆகிய மூவரையும் கையாளத் தெரிந்தவர்தான் சிறிய ஊருக்குத் தேவை. எதைத் தானே பார்க்கலாம், எவரை உடனே பெரிய மருத்துவமனைக்கு அனுப்ப வேண்டும் என்று பிரித்தறியும் பக்குவம் இந்தப் படிப்பில் வளர்கிறது. படிக்கும்போதே உதவித்தொகையும் உண்டு. உடனே இடம் கிடைக்காவிட்டால், பணி செய்துகொண்டே பயில வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரி தொலைநிலை வழியில் நடத்தும் குடும்ப மருத்துவப் பட்டயப் படிப்பு இருக்கிறது; அது முதுநிலைப் பட்டத்துக்கு ஈடாகாது என்பதை மட்டும் மனத்தில் கொள்ளுங்கள்.

அவளுடைய நாட்டத்தைப் பற்றி எனக்குச் சந்தேகமே இல்லை. ஆரம்ப சுகாதார நிலையத்தில் பயிற்சியில் இருந்தபோது எழுதிய குறிப்பேட்டைக் காட்டினாள். ஒரே தெருவிலிருந்து ஐந்து குழந்தைகள் வயிற்றுப்போக்கோடு வந்த நாளில், மருந்து எழுதிக் கொடுத்ததோடு நிற்காமல் அந்தத் தெருவின் மேல்நிலைத் தொட்டியைப் போய்ப் பார்த்திருக்கிறாள். குளோரின் கலந்து பல நாளாகியிருந்தது. ஊராட்சித் தலைவரிடம் இரண்டு முறை நடந்து, மூன்றாவது நாள் கலக்க வைத்திருக்கிறாள். அந்தப் பக்கத்தின் ஓரத்தில் ஐந்து குழந்தைகளின் வயதையும் குறித்து வைத்திருக்கிறாள்.

அரசுப் பணியையும் அரசியலையும் ஒன்றாக வைத்துக்கொள்ளலாம் என்று மட்டும் நினைக்க வேண்டாம். அரசு ஊழியர் கட்சியில் சேரவோ தேர்தலில் நிற்கவோ விதிகள் இடம் தருவதில்லை; பணியைத் துறந்த பிறகே முடியும். சொந்த மருத்துவமனை நடத்துபவருக்கு அந்தத் தடை இல்லை. ஊராட்சித் தேர்தலுக்கு 21 வயதும் சட்டமன்றத்துக்கு 25 வயதும் போதும் என்றாலும், குறைந்தது பத்தாண்டு நோயாளிகளைப் பார்த்த பிறகே அதைப் பற்றி யோசிக்கும்படி அவளிடம் சொல்லியிருக்கிறேன், அவளும் ஒப்புக்கொண்டாள்.

கலந்தாய்வில் விருப்பப் பட்டியலை நிரப்பும்போது குடும்ப மருத்துவத்தைக் கடைசியில் தள்ளாமல் முதலில் எழுதட்டும். அடுத்த முறை வரும்போது அவளையும் அவளுடைய அம்மாவையும் அழைத்து வாருங்கள்; நிலப் பத்திரம் வீட்டுப் பெட்டியிலேயே இருக்கட்டும்.