டைரக்டர் ஆனால் கேமராவை விட வேண்டுமா?

அன்புள்ள ஐயா,
பெங்களூரில் விளம்பரப் படங்களில் உதவி ஒளிப்பதிவாளராக இருக்கிறேன். படம் இயக்க வேண்டும் என்பது நெடுநாள் ஆசை. 'கேமராமேன் டைரக்டர் ஆனால் ஃபிரேம் அழகாக இருக்கும், கதை இருக்காது' என்கிறார்கள் யூனிட்டில். கேமராவை விட்டுவிட்டுத்தான் போக வேண்டுமா?
ஒரு வாசகர், அல்சூர்

அன்புள்ள நண்பருக்கு,

விடவே வேண்டாம். கேமராமேனாக இருந்து டைரக்டரான பாலு மகேந்திரா முதலில் இயக்கியது உங்கள் ஊர் மொழியில்தான்: 1977இல் வந்த கன்னடக் 'கோகிலா'. ஒளிப்பதிவும் அவரே, அதற்குத் தேசிய விருதும் கிடைத்தது. டைரக்டர் ஆகிவிட்டோமே, இனி அடுத்தவர் படத்துக்கு எதற்குக் கேமரா பிடிக்க வேண்டும் என்று அவர் இருந்துவிடவில்லை. அடுத்த ஆண்டே மகேந்திரனின் 'முள்ளும் மலரும்'. 1983இல் வெளிவந்த மணிரத்னத்தின் முதல் படமான 'பல்லவி அனுபல்லவி'க்கும் (அதுவும் கன்னடம்தான்) அவர்தான் ஒளிப்பதிவு. இவ்வளவு பெயர் வாங்கியவர் ஒரு புதியவரின் முதல் படத்துக்குக் கேமரா பிடித்தார் என்பதை நினைத்தாலே எனக்கு மனம் நிறைந்துவிடும்.

மானிட்டர் இல்லாத காலத்தில், ஷாட் ஓடும்போது நடிகரின் முகத்தை அவ்வளவு நெருக்கமாகப் பார்த்தவர் வியூஃபைண்டரில் கண் வைத்திருந்தவர் ஒருவர்தான். நடிப்பில் ஒரு பொய் விழுந்தால் முதலில் அவருக்குத் தெரிந்துவிடும். இயக்குநருக்கு இதைவிடப் பெரிய பயிற்சி ஏது?

சரி, யூனிட்டில் சொல்வதிலும் உண்மை இருக்கிறது. பாடுபட்டு லைட்டிங் செய்த ஷாட்டை வெட்ட மனசு வராது. காட்சி முடிந்த பிறகும் ஷாட் ஓடிக்கொண்டிருக்கும். இதற்கு 1988இல் வந்த பாலு மகேந்திராவின் 'வீடு' பாருங்கள். 'மூன்றாம் பிறை'யில் ஊட்டியை அப்படிக் காட்டியவர், இங்கே அழகை அடக்கி வைத்திருக்கிறார். கட்டி முடியாத வீட்டைப் பார்க்கத் தாத்தா தனியாக வரும் காட்சியில் சொக்கலிங்க பாகவதர் சுவரைத் தொட்டுத் தொட்டு நடக்கிறார். கேமரா அவரை முந்திக்கொள்ளவே இல்லை. அந்த இடத்தில் ஒரு பிரமாதமான ஷாட் வைத்திருந்தால் தாத்தாவை விட்டுவிட்டு நாம் கேமராமேனை மெச்சிக்கொண்டிருப்போம். அந்தப் படத்துக்கு எடிட்டிங்கும் பாலு மகேந்திராதான். எடுத்த கையே வெட்டியது.

நீங்களும் அதிலிருந்தே தொடங்குங்கள். தெரிந்தவர் வீடு ஒன்றில் இரண்டு பேர் பேசிக்கொள்கிற ஐந்து நிமிடக் காட்சி போதும். ஜன்னல் வெளிச்சத்திலேயே எடுத்து, நீங்களே எடிட் செய்யுங்கள். அப்புறம் உங்களுக்கு ரொம்பப் பிடித்த ஷாட்டைத் தூக்கிவிட்டு ஒருமுறை ஓட்டிப் பாருங்கள். காட்சிக்கு ஒன்றும் ஆகவில்லை என்றால் அதைத் திரும்பச் சேர்க்காதீர்கள். முடித்ததும் எனக்கு அனுப்புங்கள், கட்டாயம் பார்த்து எழுதுகிறேன்.