பொலிஸ் நிலையத்தில் அம்மா சும்மா இருக்கலாமா? வாசகர் கேள்வி – பதில்

ஓய்வு பெற்ற பிறகு பொழுதை எப்படிப் போக்குகிறீர்கள் என்று சென்ற இதழில் ஒரு வாசகி கேட்டிருந்தார். "பொலிஸ் பிடித்த பிள்ளைகளுக்குப் பக்கத்தில் போய் இருக்கிறேன்" என்று ஒரு வரியில் பதில் எழுதினேன். அந்த ஒரு வரிக்கு இத்தனை கடிதம் வரும் என்று நினைக்கவில்லை. அதனால் இந்த முறை சமையல், முழங்கால் வலி எல்லாவற்றுக்கும் விடுமுறை.

தெரியாதவர்களுக்கு: இங்கிலாந்திலும் வேல்ஸிலும் 18 வயதுக்குக் குறைந்த ஒருவரைப் பொலிஸ் பிடித்தால், பொலிசைச் சேராத ஒரு பெரியவர் அவருடன் இருக்க வேண்டும். மனநோய், ஞாபக மறதி, புரிந்துகொள்வதில் சிரமம் என்று ஏதாவது உள்ள வளர்ந்தவர்களுக்கும் அப்படித்தான். அந்தப் பெரியவருக்கு 'அப்ரோப்ரியட் அடல்ட்' என்று பெயர். நான் 'துணையாள்' என்று சொல்லிக்கொள்வேன். தென் லண்டனில் 11 வருடமாக இந்த வேலை. நான் சொலிசிட்டர் இல்லை. கீழே வரும் ஆட்களின் அடையாளங்களை மாற்றியிருக்கிறேன்.

என் மகனுக்கு 15 வயது. பஸ் ஸ்டொப்பில் நடந்த அடிபாட்டில் நின்றான் என்று பிடித்துவிட்டார்கள். இரவு பத்தரைக்குப் போன் வந்தது. போனேன். சொலிசிட்டர் வேண்டுமா என்று கேட்டார்கள். ஒளிக்க எங்களிடம் ஒன்றும் இல்லை, வேண்டாம் என்று நானே சொல்லிவிட்டேன். விசாரணையில் நான் வாய் திறக்காமல் சும்மா இருந்தேன். கடைசியில் பயத்தில், "சேர் கேட்கிறார், உண்மையைச் சொல்லடா" என்று அதட்டினேன். அவன் அழுதான். வெளியே விட்டுவிட்டார்கள், விசாரணை தொடர்கிறதாம். இப்போது என்னோடு கதைக்கிறானே இல்லை. நான் செய்தது பிழையா?
ஒரு தாய், ஹரோ

பிழைதான் அம்மா. ஆனால் உங்களுக்கு யார் சொல்லித்தந்தார்கள்? நடு இரவில் ஒரு கண்ணாடிக் கதவுக்குள் கூட்டிப்போய், ஒரு தாளை நீட்டி, "இதுதான் உங்கள் பொறுப்பு" என்றால் எந்தத் தாய்க்குத் தலை வேலை செய்யும்?

என் முதல் நாள் எனக்கு மறக்காது. பயிற்சி முடித்து, சான்றிதழ் எல்லாம் வாங்கி, பெரிய ஆள் மாதிரித்தான் போனேன். காவலறைகள் வரிசையாக இருக்கும் நடையில், ஒவ்வொரு கதவடியிலும் உள்ளே இருப்பவரின் சப்பாத்து வெளியே கிடக்கும். பெரிய பெரிய பூட்ஸ், சேறு பிடித்த ட்ரெயினர்ஸ். ஐந்தாவது கதவடியில் ஒரு சோடி, என் பேரன் போடும் அளவு. கயிறு கூட ஒழுங்காகக் கட்டத் தெரியாத பிள்ளையின் சப்பாத்து. அதைப் பார்த்த பிறகு பயிற்சியில் படித்தது ஒன்றும் ஞாபகம் வரவில்லை. பக்கத்தில் இருந்த சார்ஜன்ட்தான், "முதலில் ரெக்கோர்டைப் பார்க்கிறீர்களா?" என்று கேட்டு என்னை நிலத்துக்குக் கொண்டுவந்தார்.

அந்த ரெக்கோர்டை நீங்களும் பார்த்திருக்கலாம். எத்தனை மணிக்குக் கொண்டுவந்தார்கள், ஏன் பிடித்தார்கள், சாப்பிட்டானா, மருந்து ஏதும் சொன்னானா எல்லாம் அதில் இருக்கும். துணையாளாகப் போகிறவர் கேட்டால் காட்ட வேண்டும். மகனோடு தனியாகக் கதைக்க வேண்டும் என்றும் கேட்கலாம். ஆனால் அங்கேதான் ஒரு கண்ணி இருக்கிறது. சொலிசிட்டரிடம் சொல்வது இரகசியம். துணையாளிடம் சொல்வதற்கு அந்தப் பாதுகாப்பு இல்லை. மகன் உங்கள் காதில் சொன்னதை நாளைக்குக் கோர்ட்டில் உங்களிடமே கேட்க இடம் உண்டு. அதனால் தனியே இருக்கும்போது, "என்னடா செய்தாய்?" என்று கேட்காதீர்கள். குளிர்கிறதா, பயமாக இருக்கிறதா, அவர்கள் சொன்னது விளங்கியதா, இவற்றைக் கேளுங்கள்.

சொலிசிட்டர் விஷயத்தில்தான் எனக்கு எங்கள் ஆட்களோடு பெரிய சண்டை. குற்றம் செய்தவனுக்குத்தான் வக்கீல் என்று ஊரிலிருந்து மூட்டை கட்டிக் கொண்டுவந்த நினைப்பு. இங்கே பொலிஸ் நிலையத்தில் சட்ட உதவி எல்லோருக்கும் இலவசம். வீடு இருக்கிறதா, சம்பளம் எவ்வளவு என்று கேட்கமாட்டார்கள். பிள்ளை வேண்டாம் என்று சொன்னாலும், துணையாள் "வரச் சொல்லுங்கள்" என்று கேட்கலாம். வந்தவரோடு கதைக்கத்தான் வேண்டும் என்று பிள்ளையைக் கட்டாயப்படுத்த முடியாது, அவ்வளவுதான். நான் போகும் ஒவ்வொரு முறையும் கேட்பேன். "அவர் வர மூன்று மணித்தியாலம் ஆகும், பிள்ளை இங்கேயே கிடக்க வேண்டிவரும்" என்று யாராவது பெருமூச்சு விடுவார்கள். விடட்டும். நான் சுவரைப் பார்த்துக்கொண்டு இருப்பேன்.

அப்புறம் அந்தச் 'சும்மா இருந்தேன்'. பொலிசாருக்கான விதிக்கோவையிலேயே எழுதியிருக்கிறது: துணையாள் வெறும் பார்வையாளராக இருக்கக் கூடாது. கேள்வி விளங்காவிட்டால் விளக்கச் சொல்ல வேண்டும். பிள்ளை களைத்துப்போனால் இடைவேளை கேட்க வேண்டும். ஒரே கேள்வியைத் திருப்பித் திருப்பிக் கேட்டால் நிறுத்தச் சொல்ல வேண்டும். பதில் சொல்வது உங்கள் வேலை இல்லை. பதில் சொல்ல வைப்பதும் இல்லை. "உண்மையைச் சொல்லடா" என்பது வீட்டில் அம்மாவின் வசனம். அந்த அறையில் அதையே சொன்னால் நீங்கள் மேசைக்கு அந்தப் பக்கம் போய் உட்கார்ந்தது மாதிரித்தான் அவனுக்குத் தெரியும்.

இப்போது செய்ய வேண்டியது ஒன்று. அடுத்த அழைப்புக்குக் காத்திராமல் குற்றவியல் வழக்குப் பார்க்கும் ஒரு சொலிசிட்டரிடம் அவனைக் கூட்டிப் போங்கள். அலுவலகத்தில் அவன் தனியாக உள்ளே போய்க் கதைக்கட்டும், நீங்கள் வெளியே இருங்கள். அதிலேயே பாதிக் கோபம் ஆறும்.

அப்பாவுக்கு 74 வயது. ஒரு வருடமாக மறதி. டொக்டரிடம் இன்னும் காட்டவில்லை. போன கிழமை கடையில் பொருளை எடுத்து, காசு கொடுக்காமல் வெளியே வந்துவிட்டார். கைது இல்லை, 'வொலன்டரி இன்டர்வியூ' மட்டும்தான், வந்து போங்கள் என்று கூப்பிடுகிறார்கள். அவருக்கு ஆங்கிலம் குறைவு. நானே துணையாளாகவும் மொழிபெயர்ப்பாளராகவும் இருக்கலாமா? என்னிடம் "ஓம், எடுத்தனான்" என்று சொல்லியும் விட்டார்.
மகன், டூட்டிங்

உங்கள் கடைசி வரிதான் முக்கியம். முன்கூட்டியே உங்களிடம் ஒப்புக்கொண்டிருக்கிறார் என்றால் நீங்கள் துணையாளாக இருக்கக் கூடாது. வேறு ஆள் வேண்டும் என்று பொலிசிடம் இன்றைக்கே சொல்லுங்கள்.

'வொலன்டரி' என்ற சொல்லைக் கேட்டு ஏமாறாதீர்கள். அங்கே சொல்வதும் கோர்ட்டுக்குப் போகும். சொலிசிட்டரும் துணையாளும் அங்கேயும் உண்டு. டொக்டர் கடிதம் இல்லையே என்று தயங்கவும் வேண்டாம். இவருக்குத் தடுமாற்றம் இருக்கலாம் என்று சந்தேகிக்கக் காரணம் இருந்தாலே போதும், அது இல்லை என்று தெளிவாகும்வரை இருக்கிறது என்றுதான் பொலிசார் நடக்க வேண்டும். அடுப்பை அணைக்க மறந்தது, வீட்டுக்கு வழி தெரியாமல் நின்றது, இவற்றை ஒரு தாளில் எழுதிக் கொடுங்கள்.

மொழிபெயர்ப்பாளர் தனி, துணையாள் தனி. எனக்குத் தமிழ் தெரியும் என்றாலும் துணையாளாகப் போன இடத்தில் நான் மொழிபெயர்க்கமாட்டேன். ஆனால் தமிழ் தெரிந்தது ஒரு நாள் உதவியது. உங்கள் அப்பா வயது இருக்கும் ஒருவர். அதிகாரி, இளம் பெண், மரியாதையாகத்தான் கேட்டார். செவ்வாய்க்கிழமை அங்கே போனீர்களா? "ஓம்." தனியாகவா? "ஓம்." கோபமாக இருந்தீர்களா? "ஓம்." மொழிபெயர்ப்பாளர் ஒவ்வொன்றையும் 'யெஸ்' என்று சொல்லிக்கொண்டே போனார். கிழவருடைய தலை ஒரே சீராக ஆடியது. ஊரில் பெரியவர்கள் ரேடியோச் செய்தி கேட்கும்போது ஆடுமே, அதே ஆட்டம். நான் கையை உயர்த்தி, "அவர் இப்போது ஒப்புக்கொண்டதை அவருடைய வாயால் ஒருமுறை சொல்லச் சொல்லுங்கள்" என்றேன். அவர் சொன்னது: "பிள்ளை கதைக்கிறா, நான் கேட்டுக்கொண்டிருக்கிறன்."

அந்த அதிகாரி ரெக்கோர்டிங்கை நிறுத்திவிட்டு, இடைவேளைக்குப் பிறகு முதலிலிருந்து தொடங்கினார். இந்த முறை "அன்றைக்கு என்ன நடந்தது?" என்று திறந்த கேள்வியாக. நல்ல பிள்ளை.

விசாரணைக்கு முன் வாசிக்கும் எச்சரிக்கையும் இதே கதைதான். மொத்தம் மூன்று வாக்கியம். நீங்கள் எதுவும் சொல்ல வேண்டியதில்லை என்பது முதலாவது. இப்போது கேட்கும்போது சொல்லாத ஒன்றைப் பிறகு கோர்ட்டில் நம்பியிருந்தால் அது உங்களுக்குப் பாதகமாகலாம் என்பது இரண்டாவது. சொல்வது சாட்சியமாகலாம் என்பது மூன்றாவது. நன்றாகப் படித்தவர்களே இரண்டாவதில் தடுக்கி விழுவார்கள். அப்பா தலையாட்டினால் விளங்கிவிட்டது என்று விடாமல், சொந்த வார்த்தையில் திருப்பிச் சொல்ல வைக்கும்படி வருகிற துணையாளிடம் சொல்லிவையுங்கள்.

பிழை செய்தவர்களுக்கு இவ்வளவு செல்லமா? பக்கத்தில் ஒரு ஆள், இலவச வக்கீல், தேநீர். பாதிக்கப்பட்டவனுக்கு யார் துணை?
வரி கட்டுபவன், ஈஸ்ட் ஹாம்

தேநீர் நன்றாக இருக்காது, அந்தப் பொறாமை வேண்டாம்.

இந்த ஏற்பாடு ஏன் வந்தது என்று சொல்கிறேன். 1972 ஏப்ரலில் தென்கிழக்கு லண்டன் கட்ஃபோர்டில் ஒரு வீடு எரிந்தது. உள்ளே மக்ஸ்வெல் கொன்ஃபெயிட் என்பவரின் உடல். மூன்று பெடியன்களைப் பிடித்தார்கள். வயது 18, 15, 14. மூத்தவனுக்கு வயதுதான் 18, புத்தி சிறு பிள்ளையுடையது. பெற்றோர் யாரும் பக்கத்தில் இல்லாத நேரத்தில் கேட்டார்கள். மூன்று பேரும் ஒப்புக்கொண்டார்கள். அந்த வாக்குமூலத்தை வைத்தே மூவருக்கும் தண்டனை. இறந்த நேரத்தை மறுபடி அலசியபோது வாக்குமூலம் அதோடு ஒத்துவரவில்லை. 1975இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்புகளை ரத்துச் செய்தது. அதற்குள் அந்தப் பிள்ளைகளுக்கு மூன்று வருடம் போய்விட்டது. பிறகு ஒரு விசாரணைக் குழு, ஒரு ரோயல் கமிஷன், கடைசியில் 1984இல் பொலிஸ் அதிகாரங்கள் பற்றிய சட்டம். துணையாளை அந்தச் சட்டமும் அதன் விதிக்கோவையும்தான் உறுதியாக்கின.

பாதிக்கப்பட்டவனைப் பற்றிக் கேட்டீர்கள். கொன்ஃபெயிட்டும் பாதிக்கப்பட்டவர்தானே? பிழையான ஆட்களை உள்ளே போட்டதில் அவருக்கு என்ன நியாயம் கிடைத்தது? தவிர, பொலிசாரிடம் கொடுத்த வாக்குமூலம் என்றால் என்னவென்று எங்கள் ஆட்களுக்கு நான் பாடம் எடுக்கத் தேவையில்லை. இலங்கையில் 1979ஆம் ஆண்டின் பயங்கரவாதத் தடைச் சட்டத்தின்கீழ் உதவிப் பொலிஸ் அத்தியட்சகருக்குக் குறையாத ஒருவரிடம் சொன்ன வாக்குமூலமே கோர்ட்டில் செல்லும். அதைக் கண்டு ஓடிவந்தவர்கள் எத்தனை பேர் ஈஸ்ட் ஹாமில் உங்கள் பக்கத்து வீட்டிலேயே இருக்கிறார்கள்!

இன்னொன்று. 17 வயதுப் பிள்ளைகளைப் பொலிஸ் நிலையத்தில் வளர்ந்தவர்களாக நடத்தும் வழக்கம் இங்கே 2013 வரை இருந்தது. ஒரு பெடியன் உயர் நீதிமன்றம் வரை போய்த்தான் அது மாறியது. அதிகச் செல்லம் ஒன்றும் இல்லை ஐயா.

நான் கிளாஸ்கோவில் இருக்கிறேன். இங்கேயும் இதே விதிதானா?

இல்லை. ஸ்கொட்லாந்துச் சட்டம் வேறு. அங்கே அப்ரோப்ரியட் அடல்ட் என்பது 16 வயதும் அதற்கு மேலும் உள்ள, கதைப்பதிலும் விளங்கிக்கொள்வதிலும் சிரமம் உள்ளவர்களுக்கு. மேலே எழுதியதை அப்படியே எடுக்க வேண்டாம்.

நானும் ஓய்வு பெற்றுவிட்டேன். இந்த வேலைக்கு வரலாமா? சம்பளம் உண்டா?
முன்னாள் ஆசிரியை, குரொய்டன்

வாருங்கள். சில இடங்களில் தொண்டு, சில இடங்களில் சிறு கொடுப்பனவு. உள்ளூராட்சி மன்றமோ, அதனோடு ஒப்பந்தம் உள்ள தொண்டு நிறுவனமோ நடத்தும். மன்றத்தின் இளையோர் நீதிப் பிரிவில் கேட்டால் வழி காட்டுவார்கள். பின்னணிச் சோதனை, பயிற்சி, பிறகு பழையவர் ஒருவரோடு சில நாள். சட்டம் படித்திருக்கத் தேவையில்லை. பொறுமை வேண்டும், மூன்று மணித்தியாலம் பிளாஸ்டிக் கதிரையில் இருக்கத் தாங்கும் முதுகும் வேண்டும்.

ஆசிரியைகளுக்கு ஒரு எச்சரிக்கை. எங்கள் குழுவில் திருத்துவதற்கு மிகக் கஷ்டப்பட்டது ஒரு ஆசிரியையைத்தான். பிள்ளை பதில் சொல்லத் திணறினால் அவர் எடுத்துக்கொடுத்துவிடுவார்!

ஆள் தட்டுப்பாடு வளர்ந்தவர்கள் விஷயத்தில்தான் எனக்கு அதிகம் தெரிகிறது. பிள்ளைகளுக்குத் துணையாள் கிடைக்கச் செய்வது 1998ஆம் ஆண்டுச் சட்டப்படி மன்றத்தின் கடமை. வளர்ந்தவர்களுக்கு அப்படி ஒரு கடமையை எந்தச் சட்டமும் யார் தலையிலும் வைக்கவில்லை. துணையாள் வேண்டும் என்று விதி சொல்லும், ஆளைக் கொடுப்பது யார் என்று சொல்லாது. நள்ளிரவில் ஒரு சார்ஜன்ட் போனைக் கையில் வைத்துக்கொண்டு ஒவ்வொருவராகக் கெஞ்சுவதை நான் பார்த்திருக்கிறேன். உங்கள் பெயரைக் கொடுத்தால் அவர் உங்களைக் கோயிலில் வைத்துக் கும்பிடுவார்.

சிரிக்க வேண்டாம். பிள்ளையைப் பிடித்து வைத்திருந்தால் வீட்டிலிருந்து தோசை கொண்டுபோய்க் கொடுக்கலாமா?
அம்மம்மா, லெஸ்டர்

சிரிக்கவில்லை, இதுதான் எல்லாத் தாய்மாரின் முதல் கேள்வி. விதிப்படி அது பொறுப்பு அதிகாரியின் விருப்பம். நான் போன இடங்களில் வீட்டுச் சாப்பாட்டை உள்ளே விட்டதைக் கண்டதில்லை. 24 மணித்தியாலத்துக்கு ஒரு பெரிய சாப்பாடு, இரண்டு சிறு சாப்பாடு அவர்கள் கொடுக்க வேண்டும். வரும் பெட்டி மைக்ரோவேவில் சூடாக்கியது. மரக்கறி மட்டும்தான், மாட்டிறைச்சி வேண்டாம் என்பதையெல்லாம் முதலிலேயே சொல்லி ரெக்கோர்டில் எழுத வையுங்கள். கேட்காவிட்டால் கையில் கிடைத்ததுதான் வரும்.

தோசையைக் காரில் வைத்திருங்கள். வெளியே வரும்போது நல்ல பசியாக இருப்பான்.