ஃபாரின் ஆபீஸ் வேலை, அப்புறம் எம்.பி.: பொண்ணோட பிளான் சரிதானா?

அண்ணா, உங்க மெசேஜ் பாத்தேன். லண்டன்லயே வளந்த பொண்ணு, ஏ லெவல் (நம்ம பிளஸ் டூ மாதிரி) படிக்கிறா, ஃபாரின் ஆபீஸ்ல, அதாவது பிரிட்டன் வெளியுறவுத் துறைல சேந்து அப்புறமா கன்சர்வேட்டிவ் கட்சில எம்.பி. ஆவேன்னு சொல்றா, ஆத்துல ஒரு கால் சேத்துல ஒரு கால்னு ஆயிடுமோன்னு உங்களுக்கு பயம். ரெண்டையும் ஒரே நேரத்துல பண்ணவே முடியாது, சட்டமே விடாது, அதனால அந்த பயம் வேணாம். ஆனா ஒன்னை விட்டுட்டு இன்னொன்னுக்கு தாவுறப்ப நடுவுல எத்தனை வருஷம் போகும்னு அவ யோசிச்சாளான்னு கேளுங்க.

டிப்ளமேட்டா இருந்து கன்சர்வேட்டிவ் எம்.பி. ஆன டக்ளஸ் ஹர்ட் கேரியரை பாருங்க. கேம்பிரிட்ஜ் ட்ரினிட்டி காலேஜ்ல ஹிஸ்டரி, அங்கயே யூனியன்ங்கிற விவாத சங்கத்துக்கு பிரசிடென்ட், 1952ல டிப்ளமேட் வேலை. பீகிங், நியூயார்க்ல ஐ.நா., ரோம்னு 14 வருஷம். 1966ல வேலையை விட்டாரு, விட்ட உடனே எம்.பி. சீட் ஒன்னும் கிடைக்கல. கட்சியோட ரிசர்ச் டிபார்ட்மென்ட்ல உக்காந்தாரு, அப்புறம் கட்சித் தலைவர் எட்வர்ட் ஹீத் ஆபீஸ்ல, ஹீத் பிரதமர் ஆனதும் அவரோட பொலிட்டிகல் செக்ரட்டரி. இன்னொருத்தருக்கு ஃபைல் தூக்குற வேலைதான், ஆனா அந்த எட்டு வருஷத்துலதான் அரசியல் கத்துக்கிட்டாருன்னு நான் நினைக்கிறேன். 1974 பிப்ரவரில மிட் ஆக்ஸ்ஃபோர்ட்ஷயர்ல ஜெயிக்கிறப்ப வயசு 43. வெளியுறவு அமைச்சர் ஆனது 1989ல, அப்போ 59. அடுத்த வருஷம் பிரதமர் தாட்சருக்கு அப்புறம் கட்சித் தலைவர் போட்டில நின்னு 56 ஓட்டோட மூணாவதா வந்தாரு, அதுல முதல்ல வந்த ஜான் மேஜருக்கு 185.

இன்னொன்னும் மறைக்க கூடாது. ஹர்ட் ஈட்டன்ங்கிற பெரிய இடத்துப் புள்ளைங்க ஸ்கூல்ல படிச்சவரு, அப்பா எம்.பி., தாத்தாவும் எம்.பி. அந்த வாசல் நம்ம புள்ளைங்களுக்கு தானா திறக்காது, அந்த எட்டு வருஷத்துக்கு பதிலா கவுன்சிலர் எலக்‌ஷன், தொகுதி வேலைன்னு அவதான் தேடிக்கணும்.

ரூல் என்னன்னா, சிவில் சர்வென்ட் எம்.பி.யா இருக்க முடியாது, வேட்பாளரா கட்சி அறிவிச்சாலே ராஜினாமா பண்ணிடணும். ஃபாஸ்ட் ஸ்ட்ரீம்ல (பட்டதாரிகளை எடுத்து மேல் பதவிக்கு தயார் பண்ற அரசு வேலைத் திட்டம்) இருக்கவங்க தேசிய அரசியல்ல இறங்கவே கூடாது, கட்சிக்காக வீடு வீடா ஓட்டு கேக்குறது கூட ஆகாது. இதே மாதிரி ஒரு ரூலை 1941ல ஃபிட்ஸ்ராய் மெக்லீன்னு ஒருத்தர் தலைகீழா யூஸ் பண்ணாரு பாருங்க, முன்னாடி மாஸ்கோல வேலை பாத்த டிப்ளமேட், போருக்கு போகணும்னு துடிச்சாரு, ஃபாரின் ஆபீஸ் விடல, உடனே "நான் அரசியலுக்கு போறேன்"னு எழுதி குடுத்துட்டு நேரா ராணுவத்துல சாதா சிப்பாயா சேந்துட்டாரு! சொன்ன வார்த்தையை காப்பாத்தணுமே, அதே வருஷம் லங்காஸ்டர்ல கன்சர்வேட்டிவ் எம்.பி.யும் ஆயிட்டாரு. பிரதமர் சர்ச்சில் பின்னாடி அவரை யூகோஸ்லாவியால ஜெர்மன்காரங்களை எதிர்த்து சண்டை போட்ட டிட்டோகிட்ட அனுப்புனாரு. படிக்க ஜோரா இருக்கும், பிளான் போட உதவாது.

டிகிரி எதுவா இருந்தாலும் ஃபாஸ்ட் ஸ்ட்ரீமுக்கு போடலாம், ஃபாரின் ஆபீஸ்னா பிரிட்டிஷ் சிட்டிசன்ஷிப் கட்டாயம், செக்யூரிட்டி விசாரணை நீளமா இழுக்கும். ஏ லெவல்ல ஒரு லாங்குவேஜ் எடுத்திருந்தா விட வேணாம். கட்சி ஆசையை இந்த சம்மர் லீவுலயே காட்டட்டும், லோக்கல் ஆபீஸ் போயி வீடு வீடா நோட்டீஸ் குடுக்கட்டும், வேலைல சேந்துட்டா அதுக்கு வழியில்ல.