'சம்மதித்துப் பிரிகிறோம்' என்ற தாளில் கையெழுத்துப் போடலாமா?

கேள்வி: பிரசவத்துக்காக விருதுநகரில் அம்மா வீட்டுக்கு வந்தேன். இரட்டைக் குழந்தை பிறந்து நாற்பது நாள் ஆகிறது. கோவையில் வேலை பார்க்கும் கணவர் இனி வாழ முடியாது என்று சொல்லிவிட்டார், பணமும் அனுப்புவதில்லை. 'இருவரும் சம்மதித்துப் பிரிகிறோம்' என்று எழுதிக் கொடுத்தால் ஒரு தொகை தருவதாக அவர் வீட்டார் சொல்கிறார்கள். என்ன செய்வது?

பதில்: அந்தத் தாளில் கையெழுத்துப் போடாதீர்கள். பரஸ்பர சம்மதத்தில் பிரிந்து வாழும் மனைவிக்கு ஜீவனாம்சம் கிடையாது என்று குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144-வது பிரிவே சொல்கிறது. அந்த வரியை எழுதி வாங்கத்தான் தொகை பேசுகிறார்கள். பிள்ளைகளின் உரிமையை யாரும் எழுதி வாங்க முடியாது. ஆனால் உங்கள் பங்கு போய்விடும்.

அதே பிரிவின் கீழ் உடனே மனுப் போடுங்கள். கோவைக்கு அலைய வேண்டியதில்லை; நீங்கள் இப்போது வசிக்கும் மாவட்டத்திலேயே போடலாம். உங்களுக்கு, முதல் குழந்தைக்கு, இரண்டாம் குழந்தைக்கு என மூன்று தொகையாகக் கேளுங்கள். கூடவே இடைக்கால ஜீவனாம்ச மனுவும் அவசியம். பச்சைக் குழந்தைகளை வைத்துக்கொண்டு இறுதித் தீர்ப்புவரை காத்திருக்க முடியாது. இடைக்கால மனுவை, அவருக்கு அறிவிப்பு சேர்ந்த நாளிலிருந்து கூடியவரை 60 நாளில் முடிக்க வேண்டும். பெரும்பாலான வழக்குகள் இழுப்பது இங்கேதான்: பழைய முகவரிக்குப் போன அறிவிப்பு திரும்பி வந்துவிடும், அந்த 60 நாள் தொடங்கவே தொடங்காது. அதனால் வீட்டு முகவரியோடு அலுவலக முகவரியையும் கொடுங்கள்.

இருவரும் வருமானம், சொத்து, கடன் பற்றிப் பிரமாணப் பத்திரம் தர வேண்டும். ஜீவனாம்சத்தை மனுப் போட்ட நாளிலிருந்தே கணக்கிட வேண்டும் என்றும் உச்ச நீதிமன்றம் 2020-ல் சொல்லியிருக்கிறது. தள்ளிப்போடும் ஒவ்வொரு மாதமும் உங்களுக்கு நஷ்டம். அவருடைய சம்பளச் சீட்டு, உங்கள் கணக்குக்குப் பணம் அனுப்பிய வங்கிப் பதிவு, வாட்ஸ்அப் செய்திகள், பால்பவுடர், மருந்து, ஸ்கேன் ரசீதுகள் எல்லாவற்றையும் தேதி வாரியாக எடுத்து வையுங்கள். பிறப்புச் சான்றிதழ்கள் இரண்டிலும் தந்தை பெயர் சரியாக இருக்கிறதா என்று இப்போதே பாருங்கள்.

வக்கீல் கட்டணத்தை நினைத்துத் தயங்க வேண்டாம். பெண்களுக்கு வருமான வரம்பின்றி இலவச சட்ட உதவி உண்டு: 15100-ஐ அழையுங்கள், அல்லது நீதிமன்ற வளாகத்தில் உள்ள வட்ட சட்டப் பணிகள் குழுவில் விண்ணப்பியுங்கள்.

உத்தரவு வந்தும் அவர் கட்டாவிட்டால், பாக்கி விழுந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் வசூல் மனுப் போட வேண்டும். பாக்கிக்காக அவர் சிறைக்குப் போனாலும் அந்தப் பணத்தைக் கட்டியே ஆகவேண்டும்.