கேள்வி-பதில்: குவெனோலே என்று ஒரு பெயர்

எங்கள் அலுவலகக் குழுவில் பிரான்சின் ரென் நகரத்திலிருந்து ஒருவர் புதிதாகச் சேர்ந்திருக்கிறார். பெயர் குவெனோலே. அர்த்தம் கேட்டால் "வெள்ளை, அவ்வளவுதான்" என்று சிரிக்கிறார். இணையத்தில் ஒரு தளம் "வெள்ளை வீரன்" என்கிறது, இன்னொன்று "புனிதத் துணிவு" என்கிறது. எது சரி?
– வாசகர், திருச்சி

இரண்டுமே சரிதான், இரண்டுமே அரைகுறைதான். உங்கள் நண்பர் சொன்னதுதான் மூன்றிலும் சுருக்கம், அதோடு அவர் நிறுத்திக்கொண்டதும் நியாயம்தான், வீடியோ அழைப்பில் யார் 1,500 வருடக் கதை சொல்லிக்கொண்டிருப்பார்கள்?

குவெனோலே பிரெஞ்சுப் பெயர் இல்லை, பிரெட்டன் பெயர். பிரான்சின் வடமேற்கு மூலையில் அட்லாண்டிக் கடலுக்குள் நீட்டிக்கொண்டிருக்கும் பிரித்தானி பகுதியின் மொழி பிரெட்டன். கெல்டிக் மொழி, பிரெஞ்சுக்கு அது அக்கம்பக்கத்து வீடே தவிர சொந்தம் இல்லை, சொந்தமெல்லாம் கடலுக்கு அந்தப் பக்கம் வேல்ஸிலும் கார்ன்வாலிலும் இருக்கிறது. 5, 6ஆம் நூற்றாண்டுகளில் பிரிட்டன் தீவிலிருந்து கடல் தாண்டி வந்து குடியேறியவர்கள் கொண்டுவந்த மொழி இது, பிரித்தானி என்ற பெயரே அப்படி வந்ததுதான்.

பெயரின் பழைய வடிவம் வின்வலோய். முதல் பாதி 'வின்', இன்றைய பிரெட்டனில் 'குவென்', வெள்ளை. அடுத்த பாதி 'வல்', துணிவு, வீரம். காலப்போக்கில் முதலில் இருந்த 'வ' ஒலி 'குவ' ஆனது (பிரெட்டனில் சொல்லின் தொடக்கத்தில் வந்த பழைய 'வ' எல்லாமே இப்படித்தான் ஆனது), நடுவில் இருந்த 'வ' தேய்ந்தே போனது. அப்படித்தான் வின்வலோய் குவெனோலே ஆனார்.

ஆனால் 'குவென்' என்பதை வெறும் வெள்ளை என்று விட்டுவிட்டால் பெயரின் உயிரே போய்விடும். தூய, அருள்பெற்ற, புனிதமான என்பதெல்லாம் அந்தச் சொல்லுக்குள் சேர்ந்தே இருக்கிறது. நாம் "வெள்ளை மனசு" என்று சொல்லும்போது பெயின்ட் கடை நிறத்தையா சொல்கிறோம்? "வெள்ளந்தி" என்கிறோமே, அதில் நிறம் எங்கே இருக்கிறது? அந்த மாதிரிதான். நிறமாக மட்டும் வரும் இடமும் உண்டு, பிரித்தானியின் கறுப்பு-வெள்ளைக் கொடிக்குப் பெயரே 'குவென் ஹா து', வெள்ளையும் கறுப்பும். பெயர்களில் வரும்போது மட்டும் அது பெரும்பாலும் அருளின் பக்கம் சாய்ந்துவிடும்.

அப்புறம், உங்கள் தெருவில் ஜெனிஃபர் என்று யாராவது இருந்தால் அவரும் இந்தக் குடும்பம்தான். ஆர்தர் மன்னரின் ராணி கினிவியரின் வேல்ஷ் பெயர் குவென்ஹுய்வர். அந்தப் பெயரின் கார்ன்வால் வடிவம்தான் ஜெனிஃபர். அந்த 'ஜென்'னும் இந்தக் 'குவென்'னும் ஒன்று.

அந்தப் பெயரில் உண்மையிலேயே ஒருவர் வாழ்ந்தாரா, இல்லை புராணம்தானா?
– வாசகி, கோவை

வாழ்ந்தார் என்றுதான் எல்லோரும் எடுத்துக்கொள்கிறார்கள், ஆனால் அவரைப் பற்றி நமக்குக் கிடைப்பதில் பெரும்பகுதி புராணம்தான். பிரெஸ்ட் துறைமுகத்துக்கு எதிரே, ஓல்ன் ஆறு கடலில் கலக்கிற இடத்தில், லாந்தெவெனெக் என்ற ஊரில் ஒரு மடத்தை நிறுவியவர் இந்தப் புனித குவெனோலே. அந்த மடத்தின் தலைவராக இருந்த உர்திஸ்தென் என்ற துறவி 9ஆம் நூற்றாண்டில் இவருடைய வாழ்க்கையை லத்தீனில் எழுதினார். அதாவது செத்து முன்னூறு வருடத்துக்கு மேல் ஆன பிறகு எழுதிய வரலாறு. அதில் அற்புதங்கள் எவ்வளவு இருக்கும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

அந்தக் குடும்பமே சுவாரசியமான குடும்பம். அப்பா ஃப்ரகான், பிரிட்டனிலிருந்து வந்தவர். அம்மா பெயரும் குவென்தான், அவருக்கு "மூன்று முலையாள்" என்று பட்டம். மூன்றாவது மகன் பிறந்ததும் அவனுக்கும் பங்கு வேண்டுமே என்று மூன்றாவது முலை கிடைத்ததாகக் கதை. (தடாதகைப் பிராட்டி கதை கேட்டு வளர்ந்த மதுரைக்காரர்கள் நிமிர்ந்து உட்கார்வார்கள் என்று தெரியும், ஆனால் இரண்டுக்கும் எந்தத் தொடர்பும் கிடையாது.) பிரியெக் என்ற ஊருக்கருகே ஒரு சிற்றாலயத்தில் அந்த அம்மாவின் சிலை மூன்று முலையோடே இன்றும் இருக்கிறது. தங்கை கிளெர்வியின் கண்ணை ஒரு வாத்து கொத்தி விழுங்கிவிட, அண்ணன் குவெனோலே அதை வாத்தின் வயிற்றிலிருந்து மீட்டு மறுபடியும் அவள் முகத்தில் வைத்தாராம். சிலைகளிலும் ஓவியங்களிலும் வாத்து தென்பட்டால் அதற்குக் காரணம் இந்தக் கதை.

பிரித்தானியில் எல்லோருக்கும் தெரிந்தது கடல்கொண்ட ஈஸ் நகரத்தின் கதை. கிராத்லோன் மன்னர், அவர் மகள் தாஹுத், கடலைத் தடுத்து நிற்கும் மதகின் சாவி. அந்தச் சாவி கைமாறி ஒரு ராத்திரியில் கடல் ஊருக்குள் புகுந்துவிடுகிறது, மன்னர் மகளைக் குதிரையில் பின்னால் ஏற்றிக்கொண்டு ஓடுகிறார், அலை குதிரையின் காலைப் பிடிக்க வரும்போது பக்கத்தில் குதிரையில் வரும் குவெனோலே "பின்னால் இருக்கும் பேயைத் தள்ளிவிடு" என்கிறார். மகள் விழுகிறாள், கடல் நின்றுவிடுகிறது, மன்னர் பிழைத்து கெம்பேர் போய்ச் சேர்கிறார். கெம்பேர் பேராலயத்தின் இரண்டு கோபுரங்களுக்கு நடுவே அவர் குதிரையோடு சிலையாக நின்றுகொண்டு கடல் பக்கம் பார்த்துக்கொண்டிருப்பதாகச் சொல்வார்கள்.

எனக்கு இந்தக் கதையில் குவெனோலேயைப் பிடிக்கவில்லை என்பதை ஒளிக்கப்போவதில்லை. அவருக்காகச் சொல்லவும் ஒன்று இருக்கிறது: உர்திஸ்தென் எழுதியதில் ஈஸ் நகரமே கிடையாது, பல நூற்றாண்டு கழித்து வந்து ஒட்டிக்கொண்ட கதை அது. மகளைத் தள்ளச் சொன்ன பழி அந்த மனிதருக்குச் சேராது.

ஒரு மடத்தை நிறுவியவர் பெயர் இவ்வளவு தூரம் பரவியது எப்படி? இங்கிலாந்திலும் இருக்கிறதாமே?
– வாசகர், ஈரோடு

இங்கேதான் எனக்கு மிகவும் பிடித்த விஷயம் வருகிறது, கொஞ்சம் நீட்டினால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

சுப்பிரமணியனை மணி என்று கூப்பிடுகிறோம், பெயரில் ஒரு துண்டை மட்டும் எடுத்து அதில் பாசத்தை ஏற்றிவிடுகிறோம். பழைய கெல்டிக் துறவிகளும் தங்கள் பெரியவர்களை அப்படித்தான் கூப்பிட்டார்கள். வின்வலோய் பெயரிலிருந்து 'வின்' மட்டும் எடுத்து, முன்னால் 'உன்' என்று பொருள்படும் 'தோ' சேர்த்து, பின்னால் செல்லமாக ஒரு 'ஒக்' சேர்த்தால் தோ-வின்னொக். "உன் செல்ல வெள்ளைக்குட்டி" என்பதுபோல. இதற்கு முன்னால் மடத்தையும் ஆலயத்தையும் குறிக்கும் 'லான்' போட்டால்? லான்-தோ-வின்னொக், அதுதான் லாந்தெவெனெக். ஆளின் முழுப்பெயர் ஏட்டில் இருக்க, அவருடைய செல்லப்பெயர் ஊர்ப்பெயராகி வரைபடத்தில் உட்கார்ந்துவிட்டது.

கடலுக்கு அந்தப் பக்கம், இங்கிலாந்தின் தென்கோடியில் கார்ன்வாலில் லான்டெவெட்னாக் என்று ஒரு ஊர். அதே ஊர்ப்பெயர்தான், அதே செல்லப்பெயர்தான், நாக்கு மட்டும் வேறு. அதற்குப் பக்கத்திலேயே கன்வாலோ என்று இன்னொரு ஊர், அது முழுப்பெயரின் வடிவம். ஆங்கிலக் கால்வாய் என்ற கடல் நடுவில் இருந்தாலும் இரண்டு கரையும் அப்போது ஒரே ஊர் மாதிரிதான், படகில் போய் வந்துகொண்டிருந்தார்கள்.

913இல் வைக்கிங்குகள் வந்து லாந்தெவெனெக் மடத்தை அழித்தார்கள். துறவிகள் புனிதரின் எலும்புகளைத் தூக்கிக்கொண்டு வடக்கே மோன்த்ரெய் வரை ஓடினார்கள், கூடவே பெயரும் ஓடியது, அங்கே அது உருமாறி வாலுவா ஆனது. பிரித்தானியிலேயே பார்த்தால் பென்மார்க் பக்கத்து மீன்பிடித் துறைமுகம் ஒன்று சான்-கேனோலே, மொர்லே பக்கத்தில் லொகேனோலே, பா-சுர்-மேர் ஊரின் ஆலயமும் அவர் பெயரில்தான். 1950களில் பெனடிக்ட் சபைத் துறவிகள் பழைய இடிபாடுகளுக்குப் பக்கத்திலேயே லாந்தெவெனெக் மடத்தை மறுபடியும் கட்டினார்கள், இப்போதும் இயங்குகிறது.

இன்னொரு வேடிக்கையையும் சொல்லிவிடுகிறேன். பிரெஸ்ட் பக்கத்தில் இவர் பெயர் கிஞொலே என்று திரிந்து, 'பெற்றெடுத்தல்' என்று பொருள்படும் லத்தீன் சொல் மாதிரி ஒலிக்க ஆரம்பித்ததும், மடத்துத் துறவியான மனிதர் பிள்ளை வரம் தரும் புனிதராகிவிட்டார்! குழந்தை இல்லாத பெண்கள் அவர் சிலையிலிருந்த மரமுளையைச் சுரண்டி அந்தத் தூளைக் குடித்தார்கள் என்றும், முளை தேயத் தேயப் பின்னாலிருந்து ஒரு தட்டுத் தட்டி முன்னே தள்ளுவார்கள் என்றும் சொல்வார்கள். பெயரின் ஓசை மாறினால் ஆளின் வேலையே மாறிவிடும்.

பிரான்சில் இந்தமாதிரிப் பெயர் வைக்கத் தடை இருந்ததாமே, உண்மையா?
– வாசகி, சென்னை

உண்மைதான். 1803ஆம் ஆண்டுச் சட்டப்படி நாட்காட்டிகளில் (அங்கே நாளுக்கொரு புனிதர் பெயர் இருக்கும்) உள்ள பெயர்களும் பழைய வரலாற்றில் வரும் பெயர்களும்தான் பிறப்புப் பதிவேட்டில் ஏறும். எந்த நாட்காட்டி, எந்த வரலாறு என்பதெல்லாம் பதிவாளர் மேசையில் உட்கார்ந்திருப்பவர் கையில். பிரித்தானியின் புனிதர்களில் பெரும்பாலோர் ரோம் முறைப்படி அறிவிக்காமல் ஊர் மக்களே புனிதராக்கிக்கொண்டவர்கள், அதனால் அதிகாரி மனசு வைத்தால் உண்டு, இல்லையென்றால் இல்லை. இரண்டாம் உலகப்போருக்குப் பிறகு பன்னிரண்டு பிள்ளைகள் பெற்ற ஒரு பிரெட்டன் குடும்பம், பிரெட்டன் பெயர்தான் வைப்போம் என்று நின்றதால், சில பிள்ளைகளின் பிறப்பே வருடக்கணக்கில் பதிவாகாமல் கிடந்தது. அரசுப் பார்வையில் அந்தக் குழந்தைகள் பிறக்கவேயில்லை. 1966இல் ஒரு சுற்றறிக்கை வட்டாரப் பெயர்களுக்குக் கொஞ்சம் வழிவிட்டது, 1993ஆம் ஆண்டுச் சட்டம் பெயரைப் பெற்றோர் விருப்பத்துக்கே விட்டது.

அதோடு முடிந்ததா என்றால் இல்லை. 2017இல் கெம்பேரில் ஒரு குழந்தைக்கு ஃபான்ஷ் என்று பெயர் வைத்தார்கள், பிரான்சுவா என்பதன் பிரெட்டன் செல்ல வடிவம். அதில் 'ன்' எழுத்தின் தலைமேல் அலைபோல ஒரு குறி வரும். பிரெட்டனில் அந்தக் குறி வந்தால் 'ன்' தனியாக ஒலிக்காது, முன்னால் உள்ள உயிர் மூக்கால் ஒலிக்கும். அந்த அலைக்குறி பிரெஞ்சில் கிடையாது, நாட்டின் ஒற்றுமைக்கு ஆகாது என்று நீதிமன்றம் மறுத்துவிட்டது. ஒரு குழந்தையின் பெயரில் உள்ள நெளிகோட்டால் ஒரு நாடு உடையும் என்றால் அந்த நாட்டைப் பற்றித்தான் நான் கவலைப்படுவேன். 2018 நவம்பரில் ரென் மேல்முறையீட்டு நீதிமன்றம் குறியை அனுமதித்தது, 2019இல் உச்ச நீதிமன்றமும் அரசுத் தரப்பின் முறையீட்டைத் தள்ளுபடி செய்தது. 2021இல் நாடாளுமன்றம் இதற்கென்றே சட்டத்தில் ஒரு பிரிவு சேர்த்தது, குடியரசின் மொழி பிரெஞ்சு என்று சொல்லி அடுத்த மாதமே அரசியலமைப்பு மன்றம் அந்தப் பிரிவை நீக்கிவிட்டது.

குவெனோலேயில் அலையும் இல்லை, நெளியும் இல்லை. அந்த வகையில் திருச்சி வாசகரின் சக ஊழியர் தப்பித்தார்.

இந்தப் பெயர் வைப்பவர்கள் எல்லோரும் பிரெட்டன் பேசுபவர்களா?
– வாசகர், புதுச்சேரி

பெரும்பாலும் இல்லை. 1950 வாக்கில் பத்து லட்சம் பேர் பேசிய மொழி, 2018 கணக்கில் சுமார் இரண்டு லட்சம், 2024 கணக்கில் ஒரு லட்சத்துச் சொச்சம். பள்ளியில் பிரெட்டன் பேசினால் தண்டனை என்றிருந்த காலத்தில் படித்த தாத்தா பாட்டிகள் பிள்ளைகளுக்கு அதைச் சொல்லித்தரவில்லை, பிள்ளைகள் பேரன்களுக்குப் பெயராவது வைத்தார்கள். 1977இல் தொடங்கிய திவான் பள்ளிகளில் பிரெட்டன் வழியாகவே பாடம் நடக்கிறது, ஆனால் அங்கே போவது கொஞ்சம் பேர்தான். மொழி கைவிட்டுப் போன வீட்டில் பெயர் மட்டும் சுவரில் மாட்டிய படம் மாதிரி நிற்கிறது.

அவர் பெயரைத் தமிழில் எப்படி எழுதுவது? எப்படி உச்சரிப்பது? என் மகனுக்கு இதே பொருளில் பெயர் வேண்டுமென்றால் வேறு என்ன இருக்கிறது?
– அதே திருச்சி வாசகர்

குவெனோலே என்றே எழுதுங்கள். ஒலிப்படி பார்த்தால் 'க்வெ' என்று மெய்யில் தொடங்க வேண்டும், தமிழில் சொல் மெய்யில் தொடங்காதே, 'கு' போட்டுவிட்டு வேகமாகச் சொல்லிவிட்டால் சரி. பிரெட்டனில் அழுத்தம் கடைசிக்கு முந்தைய அசையில், 'னோ'வில் விழும். பிரெஞ்சுக்காரர்கள் 'வ'வை விட்டுவிட்டு கேனோலே என்று கடைசியில் அழுத்துவார்கள். அவருக்கு எது பழக்கம் என்று அவரிடமே கேட்டுக்கொள்ளுங்கள், பெயர் அவருடையது.

குவென் சேர்ந்த பெயர்கள் நிறைய இருக்கின்றன. பையனுக்கு குவென்தால் ('தால்' என்றால் நெற்றி), பெண்ணுக்கு குவெனோலா, நோல்வென். உங்கள் மகனுக்கு வைப்பது உங்கள் விருப்பம், ஆனால் பள்ளி வருகைப்பதிவேட்டில் பன்னிரண்டு வருடம் அவன் பெயரை டீச்சர்கள் என்ன பாடு படுத்துவார்கள் என்பதையும் ஒரு நிமிடம் யோசியுங்கள்.

அப்புறம் மார்ச் 3 புனித குவெனோலேயின் திருநாள். பிரான்சில் பெயர்நாளுக்கு வாழ்த்துச் சொல்லும் பழக்கம் உண்டு. அன்று காலை மீட்டிங்கில் "தெமாத், குவெனோலே" என்று சொல்லிப் பாருங்கள், தெமாத் என்றால் பிரெட்டனில் வணக்கம். அவருக்கே பிரெட்டன் தெரியாமல் இருக்கவும் வாய்ப்பு உண்டு, ஆனால் இந்த ஒரு சொல் தெரிந்திருக்கும்.