தமிழ் மட்டும் தெரிஞ்ச ஒருத்தர் பர்மா பாஷை பேசக் கத்துக்க முடியுமா? எவ்வளவு நாள் ஆகும்?

முடியும். நான் எந்த கிளாஸுக்கும் போகாம கத்துக்கிட்டேன். ஆனா "கத்துக்கிட்டேன்"னு சொல்றதுலயே ஒரு வில்லங்கம் இருக்கு, அது கடைசில வரும். பதில் கொஞ்சம் நீளம், பொறுத்துக்கோங்க.

எனக்கு விருதுநகர் பக்கம், பருப்பு யாவாரம். நம்ம ஊரு இட்லிக்கு அரைக்கிற உளுந்துல ஒரு நல்ல பங்கு பர்மாவுல இருந்து கப்பல் ஏறி வர்றதுதான், நிறைய பேருக்கு இது தெரியாது. 2013 கடைசில எங்க அண்ணாச்சி என்னை ரங்கூனுக்கு அனுப்பினாரு, சாம்பிள் பாக்க, வெலை பேச, லோடிங் கவனிக்க. 2017 ஆகஸ்ட்ல இந்தியா துவரை உளுந்து பாசிப்பயறுக்கெல்லாம் இறக்குமதி கோட்டா போட்டதும் சோலி இல்லாம ஊருக்கு வந்துட்டேன். நடுவுல கிட்டத்தட்ட நாலு வருஷம் அந்த பாஷைலதான் வயித்த கழுவினேன்.

முதல்ல நல்ல சேதி. வாக்கியம் கட்டுற விதம் நமக்கு அல்வா மாதிரி. "ச்சனோ யங்கூன் ஹ்மா நே டே"ன்னா "நான் ரங்கூன்ல இருக்கேன்". ச்சனோ நான், ஹ்மா நம்ம "ல", நே இரு, கடைசில டே வந்து வினைய முடிச்சு வைக்குது. வார்த்தைக்கு வார்த்தை நம்ம வரிசைலயே வருது. வினை கடைசி, வேற்றுமை உருபு மாதிரி ஒட்டுறதெல்லாம் பேருக்குப் பின்னாடி. "எய்ன் கோ"ன்னா "வீட்டுக்கு", அந்த "கோ" கூட நம்ம "கு" மாதிரியே கேக்கும். தற்செயல்தான், கமெண்ட்ல வந்து ரெண்டும் ஒரே தாய் மக்கள்னு ஆரம்பிச்சுராதீங்க, பர்மா பாஷை திபெத் சீன மொழிக் குடும்பத்த சேர்ந்தது. கேள்வி கேக்கணுமா, கடைசில "லா" போடு, நாம "ஆ" போடுற மாதிரி. "தமின் சா பீ பீ லா?"ன்னா சோறு சாப்பிட்டாச்சா, அங்க ஒருத்தர ஒருத்தர் பாத்தா கேக்கறதும் இதேதான். வந்தேன் வந்தான் வந்தாள் வந்தார்னு நமக்கு இருக்கற தொல்லையெல்லாம் அங்க கிடையவே கிடையாது, யாரு வந்தாலும் "லா டே"தான். இங்கிலீஷ் பேசுறவங்க பல்லைக் கடிச்சு படிக்கிற இந்த இலக்கணம் எனக்கு ரெண்டு வாரத்துல பிடிபட்டுருச்சு.

கெட்ட சேதி காதுல இருக்கு. தொனி மாறினா வார்த்தையே வேற. "சா"வ எடுத்துக்கோங்க, தட்டையா தாழ்வா இழுத்தா எழுத்து, கடுதாசி. உசத்தி ஆரம்பிச்சு இறக்கினா சாப்பிடறது. யாரோ கால மிதிச்ச மாதிரி தொண்டைய இறுக்கி சட்டுன்னு நிறுத்தினா ஆரம்பிக்கறது. "ங்கா" தாழ்வா சொன்னா நான், உசத்தினா மீனு, அதே உசத்தலுக்கு அஞ்சுன்னும் அர்த்தம். இது போக மூக்கால மூச்ச விட்டுக்கிட்டே சொல்ற ஹ்ம, ஹ்ன மாதிரி சத்தமெல்லாம் உண்டு. நான் முதல் வருஷம் பேசினதெல்லாம் அவங்க காதுக்கு எப்படி இருந்திருக்கும்னு இப்ப நெனச்சா கூச்சமா இருக்கு.

உச்சரிப்புல இன்னொரு சமாச்சாரம், இது தெரிஞ்சா பாதி பாஷை தொறந்துக்கும். எழுதறது பழைய காலத்து உச்சரிப்பு, பேசறது இப்போதைய உச்சரிப்பு. "ர"ன்னு எழுதிட்டு "ய"ன்னு படிப்பாங்க, "ஸ" எழுதிட்டு நாக்க பல்லுக்கு நடுவுல வெச்சு "த"ன்னு படிப்பாங்க. ரங்கூன்னு நம்ம ஆளுங்க சொல்றது எழுத்துல இருக்கற "ர", அவங்க வாயில அது யங்கூன். மேற்குப் பக்கம் ரக்கைன்காரங்க மட்டும் இன்னிக்கும் "ர"வ விடல, எங்க ஆபீஸ்ல சித்வேல இருந்து வந்த பையன் ஒருத்தன் அப்படித்தான் பேசுவான், மத்தவங்க அவன ஓட்டுவாங்க. இந்த கணக்க வெச்சுப் பாத்தா ரயிலுக்கு சொல்ற "மீயத்தா"வுல மீ நெருப்பு, யத்தா நம்ம ரதம்! நெருப்பு ரதம். சங்கராந்திதான் "திஞ்ஜான்", நம்ம சித்திரை பிறக்கற சமயத்துல ஊரே தண்ணி ஊத்தி விளையாடற அவங்க புது வருஷம். சனிக்கிழமை "சனே". மங்களம் "மிங்கலா", வணக்கம்னு சொல்ற "மிங்கலாபா" அதுல இருந்து வந்ததுதான், ஆனா அத ஸ்கூல்லயும் டூரிஸ்ட் கிட்டயும்தான் சொல்றாங்க, தெருவுல யாரும் சொல்லி நான் அதிகம் கேட்டதில்ல.

இதெல்லாம் பாலி, சமஸ்கிருதம் வழியா போனது. எங்க தொழில்ல நேரா போனதா நான் பாத்தது எடைல. 1.63 கிலோவுக்கு ஒரு அளவு, அவங்க வாயில "பெய்தா", இங்கிலீஷ்ல விஸ்ஸுன்னு எழுதறாங்க, நம்ம தாத்தா காலத்து வீசைதான் அது. லட்சக் கணக்கும் உண்டு, லட்சத்துக்கு "தெய்ன்"னு பேரு, அதனால வெலை பேசும்போது நமக்கு மில்லியன் குழப்பம் வராது, என்ன, அம்பது லட்சத்த "லட்சம் அம்பது"ன்னு திருப்பி சொல்லுவாங்க.

இப்ப என் மானம் போன கதை. எனக்கு முதல் குரு நான் குடியிருந்த வீட்டுக்கார அம்மா. அவங்க பேசறத அப்படியே பிடிச்சு "ச்சமா" "ச்சமா"ன்னு பேசிட்டு திரிஞ்சேன், வாக்கியத்துக்குக் கடைசில மரியாதைக்கு "ஷின்"னு வேற சேத்துக்கிட்டேன். பயின்னௌங் மொத்த மார்க்கெட்ல மூட்டை தூக்கறவங்கள்ல இருந்து முதலாளி வரைக்கும் சிரிக்கறாங்க, எனக்கு ஏன்னே புரியல. மூணு வாரம் கழிச்சு ஒரு தரகர்தான் தனியா கூப்பிட்டு சொன்னாரு, தம்பி, அது பொம்பளைங்க சொல்ற "நான்", ஆம்பள "ச்சனோ"ன்னு சொல்லணும், "கம்யா"ன்னு முடிக்கணும்னு. ரெண்டு "நான்"லயும் உள்ள இருக்கறது அடிமைங்கற சொல்தானாம், நம்ம "அடியேன்" மாதிரி.

"நீ", "நீங்க"ங்கற சொல்லு இருக்கு, ஆனா புழக்கம் கம்மி. ஆளப் பாத்து வயச எடை போட்டு உறவு வெச்சு கூப்பிடணும், அக்காவா, அண்ணனா, சித்தப்பாவா, அத்தையா. இதுல நமக்கு யாரும் பாடம் எடுக்க வேணாம், அண்ணாச்சி ஊர்ல பொறந்தவனுக்கு அது ரத்தத்துல இருக்கு. பேருக்கு முன்னால வர்ற ஊ, டோ, கோ, மா எல்லாமே இந்த வகைதான். ஐநா சபைல 1961ல இருந்து 1971 வரை பொதுச்செயலாளரா இருந்தாரே ஊ தாண்ட், அதுல ஊ இனிஷியல் இல்ல, பெரியவருக்கு போடற மரியாதை, அவரு பேரு வெறும் தாண்ட். குடும்பப் பேருங்கற பழக்கமே கிடையாது. பேங்க் ஃபாரத்துல சர்நேம் கட்டத்துல என்ன எழுதறதுன்னு அவங்க முழிக்கறத பாக்கும்போது நம்ம ஊரு இனிஷியல் பஞ்சாயத்துதான் ஞாபகம் வரும்.

தப்பா கத்துக்கிட்டதுல எனக்கு காசு போனது "ஹோக்கெ"வால. புத்தகத்துல அதுக்கு "ஆமாம்"னு போட்டிருக்கும். முதல் சீசன்ல ஒரு வயசான தரகர்கிட்ட உளுந்து வெலை பேசறேன், நான் சொல்ற ஒவ்வொண்ணுக்கும் "ஹோக்கெ, ஹோக்கெ"ன்னு தலைய ஆட்டறாரு, டீ வாங்கிக் குடுக்கறாரு, நான் ஊருக்கு போன் போட்டு அண்ணாச்சி முடிஞ்சிருச்சுன்னுட்டேன். மறுநாள் சரக்கும் இல்ல ஆளும் இல்ல. அப்புறம்தான் புரிஞ்சது, அந்த ஹோக்கெவுக்கு "ம், சொல்லுங்க, கேக்கறேன்"னு அர்த்தம். சம்மதமே இல்ல. சம்மதம்னா "யா டே"ன்னு வரணும், வெலைய அவரு வாயாலயே திருப்பிச் சொல்லணும். அவரு ஏமாத்தல. மூஞ்சிக்கு நேரா முடியாதுன்னு சொல்ல அவருக்கு "ஆனா டே". இந்த வார்த்தைக்கு தமிழ்ல சரியான சொல்ல நான் இன்னும் தேடிட்டுதான் இருக்கேன். ஆ-ன்னா பலம், நா-ன்னா வலிக்கறது. அடுத்தவங்களுக்கு சங்கடம் குடுத்துருவோமோன்னு நமக்குள்ள ஒரு இழுப்பு. வீட்டுக்கு வந்தவங்க பசிச்சாலும் வேணாம்பாங்க, கடன் குடுத்தவன் கேக்க மாட்டான், வேலை பிடிக்கலன்னா சொல்லாம நின்னுருவாங்க. நம்மகிட்டயும் கூச்சம் உண்டு, ஆனா நாம அத தாண்டி கேட்டுருவோம்ல.

கசப்பான ஒண்ணையும் சொல்லிடறேன். நம்மள மாதிரி ஆளுக்கு அங்க "கலா"ன்னு ஒரு சொல்லு. நாற்காலிக்கு "கலா தைங்", அதாவது கலா உக்கார்றது. ஒட்டகம் "கலா ஓ". எங்க சரக்குலயே கொண்டைக்கடலை "கலா பே", மூட்டை மூட்டையா நானே எழுதியிருக்கேன். பொருளுக்கு சொல்லும்போது ஒண்ணுமில்ல, மனுஷனப் பாத்து சொன்னா சுருக்குன்னு குத்தும், இப்ப அங்க இருக்கற படிச்ச பசங்களே அந்த சொல்ல வேணாம்னு பேசறாங்க. ஆனா அந்த சொல்லுக்குள்ள நம்ம ஆளுங்க மேல இருக்கற கோவம் எங்க இருந்து வந்துச்சுன்னும் நாம பாக்கணும். 1930கள்ல நெல்லு வெலை விழுந்து, கடன் கட்ட முடியாத குடியானவன் நெலமெல்லாம் வட்டிக்கு விட்ட நம்ம செட்டியார் கடைகளுக்குப் போயி, 1937 வாக்குல கீழ் பர்மா விளைநெலத்துல கால்வாசி அவங்க கையில இருந்துச்சு. 1930லயும் 1938லயும் ரங்கூன்ல கலவரம், 1962ல ராணுவம் ஆட்சிய பிடிச்சுச்சு, 1964ல கடைகள தேசியமயமாக்கி சுமார் 3 லட்சம் இந்தியர்கள் வெளியேற வேண்டியதாச்சு, கப்பல்ல மெட்ராஸ் வந்தவங்களுக்காக வந்ததுதான் பர்மா பஜார். அங்க பக்கத்துல தின்னுருக்கீங்கல்ல அத்தோ, அது "அதௌ"ங்கற சொல்லு, கையால பெசைஞ்சதுன்னு அர்த்தம். பதிலுக்கு நம்ம தோசை அங்க "தோஷே"ன்னு இருக்கு, அவங்க பாஷைல தோ-ன்னா குட்டை, ஷே-ன்னா நீளம், குட்டை நீளம்னு எழுதி விக்கறாங்க.

எங்க தெருவுல ஒரு தமிழ் ஆச்சி இருந்தாங்க, போகாம தங்கிட்ட குடும்பம். காசு எண்ணறது தமிழ்ல, பேத்திய திட்டறது பர்மா பாஷைல. பேத்திக்கு ரெண்டு பேரு, கோயில்ல ஒண்ணு, ஸ்கூல்ல ஒண்ணு. தமிழ் புரியும், பதில் சொல்ல வராது.

படிக்கக் கத்துக்கணுமான்னு கேட்டா, வட்ட வட்டமா ஜிலேபி மாதிரி இருக்கேன்னு பயப்படாதீங்க, ஓலைல எழுதின எழுத்து, நம்மளுது மாதிரி பிராமில இருந்து வந்ததுதான். க கா வரிசையும் அதேதான், நாம "கோ"வுக்கு முன்னாடி கொம்பும் பின்னாடி காலும் போடறோமே, அங்கயும் அதே சங்கதி உண்டு. சிக்கல் வேற எடத்துல. எழுதற பாஷை வேற, பேசற பாஷை வேற. பேச்சுல "டே"ன்னு முடியறது எழுத்துல "தி"ன்னு முடியும். 1960கள்ல மாந்தளை பக்கத்து எழுத்தாளர்கள் சிலர் பேசற மாதிரியே எழுதுவோம்னு கொடி பிடிச்சாங்க, ஆனா இன்னமும் ஒப்பந்தம், நோட்டீஸ் எல்லாம் பழைய நடைலதான். "வந்திருக்காரு"ன்னு பேசிட்டு "வந்திருக்கிறார்"னு எழுதற நமக்கு இது ஒரு விஷயமா? மொபைல்ல வேற ரொம்ப நாள் ஸாஜின்னு ஒரு ஃபான்ட் ஓடிட்டு இருந்துச்சு, யூனிகோடோட ஒத்துப்போகாது, 2019 அக்டோபர் 1ல தான் அரசாங்கமே யூனிகோடுக்கு மாறினாங்க. நான் இருந்தப்ப வந்த மெசேஜ்ல பாதி எனக்கு கட்டம் கட்டமாத்தான் தெரிஞ்சது.

கேள்விக்கு வர்றேன். கடைல வாங்க, டாக்ஸி பேச, மூணு மாசம் போதும். வெலை பேசி ஏமாறாம இருக்க ஒரு வருஷம். தொனி சரியா வர எனக்கு மூணு வருஷம் ஆச்சு, சின்ன வயசுன்னா சீக்கிரம் வரும். ஆப்ப நம்பாதீங்க, டீக்கடைல போயி உக்காருங்க, கப்ப வெச்சுட்டு நாலு மணி நேரம் உக்காந்தாலும் யாரும் எழுப்ப மாட்டாங்க.

அந்த வயசான தரகர் இன்னமும் எனக்கு வாய்ஸ் மெசேஜ் அனுப்புவாரு. 2021 பிப்ரவரில ராணுவம் மறுபடி ஆட்சிய பிடிச்ச பிறகு அவரு பையன் தாய்லாந்து பக்கம் போயிட்டான்னு வேற யாரோ சொல்லித்தான் எனக்குத் தெரியும், அவரு சொல்லல. நான் எப்ப நல்லா இருக்கீங்களான்னு கேட்டாலும் "கௌன் பா டே", நல்லாத்தான் இருக்கோம்பாரு, சோறு சாப்பிட்டாச்சான்னு என்னை திருப்பி கேப்பாரு. வார்த்தை எல்லாம் புரியுது, தொனியும் புரியுது. நெசமாவே நல்லா இருக்காரா, இல்ல என்கிட்ட சொல்ல ஆனா டேயான்னு மட்டும் ரெண்டு மூணு தடவ போட்டுக் கேட்டாலும் எனக்கு பிடிபட மாட்டேங்குது.